பாலும் தக்காளியும் இல்லாத சௌடர்

மட்டிச் சௌடர் என்ற சூப் எந்த நிறத்தில் இருக்க வேண்டும் என்பது அமெரிக்காவின் வடகிழக்குக் கரையில் பழைய சண்டை. பாஸ்டன் பக்கம் வெள்ளை. பாலோ க்ரீமோ ஊற்றியது. மன்ஹாட்டன் பெயரில் வழங்குவது சிவப்பு, தக்காளி போட்டது. 1939இல் மெய்ன் மாநிலச் சட்டமன்ற உறுப்பினர் ஒருவர், சௌடரில் தக்காளி போடுவதைச் சட்டவிரோதமாக்க வேண்டும் என்று மசோதாவே கொண்டுவந்தார். மசோதா நிறைவேறவில்லை, சண்டையும் ஓயவில்லை. இந்த இரைச்சலில் அதிகம் கண்டுகொள்ளப்படாமல் போனது மூன்றாவது வகை. ரோட் ஐலண்ட் மாநிலத்தின் தென்கரையில் பாலும் இல்லாமல் தக்காளியும் இல்லாமல் மட்டி விட்ட சாற்றிலேயே செய்யும் தெளிசாற்றுச் சௌடர் அது.

அதை விரும்புகிறவர்கள் அதற்காக இரண்டு வாதங்களை வைக்கிறார்கள். ஒன்று, இதுதான் ஆதிச் சௌடர், மற்றவை பிற்காலக் கலப்படம் என்பது. இன்னொன்று, வீட்டில் செய்ய இதைவிட எளிதான சௌடர் கிடையாது என்பது. முதல் வாதம் பாதி சரி. இரண்டாவது, சேர்க்கும் பொருள்களை எண்ணிப் பார்த்தால் மட்டுமே சரி.

முதலில் பண்டத்தைப் பார்த்துவிடலாம். உப்பிட்ட பன்றிக் கொழுப்பு, வெங்காயம், உருளைக்கிழங்கு, மட்டி, மட்டி வெந்த சாறு, மிளகு. அவ்வளவுதான். நாரகான்செட் ஊரில் 1920 முதல் நடக்கும் ‘ஆன்ட் கேரீஸ்’ போன்ற கடற்கரை உணவகங்களில் சௌடர் என்று கேட்டால், எந்த நிறம் என்று திருப்பிக் கேட்பார்கள். தெளிசாறு என்றால் ஒரு கிண்ணம் வரும். பெயரை நம்பி, கண்ணாடிபோல ஒரு திரவத்தை எதிர்பார்க்கிறவர் ஏமாந்துபோவார். அது சாம்பல் நிறத்தில் இருக்கும். மேலே கொழுப்பு சின்னச் சின்ன மஞ்சள் பொட்டுகளாக மிதக்கும்; அடியில் முனை மழுங்கிய உருளைத் துண்டுகளும் கருஞ்சாம்பல் மட்டித் துணுக்குகளும் கிடக்கும். புகைப்படத்துக்கு லாயக்கில்லாத உணவு. வெள்ளைச் சௌடர் ஊர் ஊராகப் போய் டின்னிலும் ஏறியதற்கும், இது கரையோரத்திலேயே தங்கிவிட்டதற்கும் இந்த நிறமும் ஒரு காரணம் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

இனி வரலாறு. அமெரிக்காவில் அச்சேறிய முதல் சௌடர் செய்முறை 1751இல் ‘பாஸ்டன் ஈவினிங் போஸ்ட்’ இதழில் வந்தது, அதுவும் செய்யுள் வடிவில். வெங்காயம், பன்றி இறைச்சி, மீன், ஊறவைத்த பிஸ்கட் என்று அடுக்கடுக்காகச் சட்டியில் வைத்து வேகவிடச் சொல்கிறது அது. கூடவே சிவப்பு ஒயினும் உண்டு. பால் இல்லை, தக்காளி இல்லை. ‘பார்த்தீர்களா, நாங்கள் சொன்னது சரி’ என்று தெளிசாற்றுக் கட்சியினர் இங்கே நிமிர்ந்து உட்காரலாம். ஆனால் அதில் உருளைக்கிழங்கும் இல்லை, மட்டியும் இல்லை. தெளிசாறு என்பதும் இல்லை, ஏனென்றால் கப்பல்களில் கொண்டுபோகும் கல்போன்ற பிஸ்கட் ஊறிக் கரைந்தால் கிடைப்பது கெட்டியான கூழ்.

மட்டி பிந்தி வந்ததில் வியப்பில்லை. நியூ இங்கிலாந்தில் குடியேறிய ஆங்கிலேயருக்கு முதலில் மட்டி என்றால் இளக்காரம். வேறு எதுவும் கிடைக்காதவர்களின் உணவு, பன்றிகளுக்கான தீனி. மீனே செல்வமாகக் கிடைத்த கரையில் சௌடர் என்றால் காட் மீன்தான். 1829இல் முதலில் வெளிவந்து பல பதிப்புகள் கண்ட லிடியா மரியா சைல்டின் சிக்கனச் சமையல் நூலில்கூட மீன்தான் பிரதானம். சில மட்டிகளைச் சேர்த்தால் நன்றாயிருக்கும் என்று போகிறபோக்கில் சொல்கிறார். அதே செய்முறையில் தக்காளிக் கெச்சப் ஒரு கோப்பை ஊற்றலாம் என்றும் இருக்கிறது. மெய்ன் உறுப்பினர் அந்தப் பக்கத்தைப் படித்திருந்தால் மசோதாவை மடித்துப் பையில் வைத்திருப்பார். 1851இல் வந்த ‘மோபி டிக்’ நாவலில் சௌடருக்கென்றே ஓர் அத்தியாயம் ஒதுக்கியிருக்கிறார் மெல்வில். நான்டக்கெட் விடுதியில் இஸ்மாயிலும் குவீக்குவெக்கும் சாப்பிடும் மட்டிச் சௌடரில் பொடித்த கப்பல் பிஸ்கட், உப்பிட்ட பன்றிக் கொழுப்பு, வெண்ணெய், மிளகு, உப்பு. அங்கும் பால் கண்ணில் படவில்லை.

ஆக, பால் பின்னால் வந்தது என்பது உண்மை. அதற்காகத் தெளிசாறு அப்படியே ஆதி வடிவம் ஆகிவிடாது. பிஸ்கட் சட்டியை விட்டு வெளியேறியது, அந்த இடத்துக்கு உருளைக்கிழங்கு வந்தது, மீன் இருந்த இடத்தில் மட்டி உட்கார்ந்தது. இத்தனை மாறியபோதும் பால் மட்டும் வராமல்போன சௌடர் என்று இதைச் சொல்வதே நியாயம். பிஸ்கட் இன்று கிண்ணத்துக்கு வெளியே, மேலே நொறுக்கித் தூவும் துணைப்பண்டமாக மட்டும் மிஞ்சியிருக்கிறது. அந்த மிச்சத்தின் மேலும் மக்களுக்கு எவ்வளவு பாசம் என்பதற்கு ஒரு கதை உண்டு. நபிஸ்கோ நிறுவனம் ‘கிரௌன் பைலட்’ என்ற சௌடர் பிஸ்கட்டை 1996இல் நிறுத்தியது; நியூ இங்கிலாந்துக்காரர்கள் கொதித்தெழ, 1997இல் மறுபடி கொண்டுவந்தது; 2008இல் ஒரேயடியாக நிறுத்திவிட்டது.

ரோட் ஐலண்டின் தென்கரையில் மட்டும் பால் ஏன் நுழையவில்லை? என் ஊகம், அங்கே கிடைக்கும் மட்டிதான் காரணம் என்பது. கோஹாக் என்று அவர்கள் அழைக்கும் தடித்த ஓட்டு மட்டி, நாரகான்செட் விரிகுடாவில் ஏராளம். 1987 முதல் அதுவே மாநிலத்தின் அதிகாரபூர்வச் சிப்பி. அந்தக் கரையின் பூர்வகுடிகளான நாரகான்செட் மக்கள் ஆழத்தில் இறங்கி முங்கி அதை எடுத்ததையும், சதையைத் தின்றபின் ஓட்டின் கருநீல விளிம்பை உடைத்து விலைமதிப்புள்ள மணிகள் செய்ததையும் ரோஜர் வில்லியம்ஸ் 1643இல் எழுதிய நூலில் பதிந்திருக்கிறார். இன்றைக்கும் அங்கு குடியிருப்பவர் உரிமம் வாங்காமலே தம் வீட்டுக்கு வேண்டிய மட்டியைத் தோண்டிக்கொள்ளலாம், அளவுக் கட்டுப்பாட்டுக்குள். கரையில் மக்களுக்குள்ள உரிமை மாநிலத்தின் அரசியலமைப்பிலேயே எழுதப்பட்டிருக்கிறது. தொழில்முறை மட்டிக்காரர்கள் சிறு படகில் நின்றபடி, நீண்ட கம்பின் நுனியில் பல்வைத்த கூடைபோன்ற வாரியை அடிமணலில் ஆட்டி ஆட்டி இழுத்துச் சேகரிக்கிறார்கள். சேற்றில் கால்விட்டுத் தோண்டினால் கிடைக்கிற ஊரில், சாறு போதவில்லை என்று எவரும் பாலை ஊற்றி நிரப்பத் தேவையில்லை. இன்னும் ஒரு பக்கச் சான்று: தெளிசாறு நிலைத்த இன்னொரு இடம் வட கரோலினாவின் தீவுக்கரை. ஹாட்டரஸ் பக்கம் சோளமாவு உருண்டைகளை அதே சாற்றில் வேகவிடுவார்கள். அங்கும் இதே மட்டி, அதே பன்றிக் கொழுப்பு, அதே மிளகு.

இனி அடுப்பங்கரை. எளிது என்ற வாதம் இங்கேதான் தடுமாறும். வெள்ளைச் சௌடரில் மட்டி சற்று மட்டமானாலும் க்ரீம் மூடிவிடும். சிவப்பில் தக்காளியின் புளிப்பு காப்பாற்றும். தெளிசாற்றில் மறைக்க ஒன்றுமில்லை. மட்டிக்குள் இருக்கிற குளூட்டமிக் அமிலமும் கிளைசினும் சக்சினிக் அமிலமும் தருகிற சுவைதான் மொத்தச் சுவை. அதனால் இந்தப் பண்டத்தின் முடிவு பெரும்பாலும் கடையிலேயே தீர்ந்துவிடுகிறது.

கோஹாக்கை அளவு பார்த்துப் பிரித்து விற்பார்கள். சிறியது லிட்டில்நெக், அதற்கு மேல் செர்ரிஸ்டோன், எல்லாவற்றிலும் பெரியதற்குச் சௌடர் மட்டி என்றே பெயர். சிறியது மென்மை, விலை கூட. பச்சையாகத் தின்கிறவர்கள் தேடுவது அதை. பெரியது விலை மலிவு, சதை ரப்பர். ஆனால் சாற்றின் வலு அதில்தான். தெளிசாற்றுக்குப் பெரியதும் நடுத்தரமும் கலந்து வாங்குவது நல்லது. நான்கு பேருக்கு ஓட்டோடு மூன்றரைக் கிலோ ஆகும். கேட்கவே மலைப்பாக இருக்கும். அதில் பெரும்பகுதி ஓடு, சதை ஏறத்தாழ அரைக் கிலோதான் தேறும்.

ஓட்டை நன்றாகத் தேய்த்துக் கழுவிவிட்டு, அகலமான சட்டியில் அரை லிட்டர் தண்ணீரைக் கொதிக்கவைத்து, மட்டிகளைப் போட்டு இறுக மூட வேண்டும். ஐந்து நிமிடம் கழித்து ஒருமுறை மேலும் கீழுமாகப் புரட்டலாம். கோஹாக் ஒரே நேரத்தில் திறக்காது. முதலில் விளிம்பில் மயிரிழைபோல ஒரு கீற்று தெரியும், அதன் வழியாகச் சாறு கொப்புளித்து வழியும், பிறகு ஓடு சட்டென விரியும். திறந்ததை உடனே வெளியே எடுத்துவிட வேண்டும். சோம்பேறிகள் திறக்கட்டும் என்று காத்திருந்தால் முந்தியவை தோலாகிவிடும். பெரியவை பத்துப் பதினைந்து நிமிடம்கூட எடுக்கும். ஊற்றிய அரை லிட்டர் இப்போது ஒரு லிட்டரை நெருங்கியிருக்கும். அந்த மிகுதிதான் நாம் காசு கொடுத்து வாங்கியது.

சாற்றைக் கால் மணி நேரம் அசையாமல் வைத்து, ரசத்தில் தெளிவை இறுப்பதுபோல மேலாக இறுத்து, மெல்லிய துணியில் வடிகட்ட வேண்டும். அடியில் தங்கும் கடைசிக் கரண்டி வண்டலை விட்டுவிடுங்கள். அதில் மணல் இருக்கும். சாற்றைச் சுவைத்துப் பார்த்தால் கடல்நீர் நாக்கில் படும். இதை இந்த இடத்தில் சொல்லிவிடுவது நல்லது: கடைசிவரை உப்பு போடக் கூடாது. மட்டிச் சாறும் உப்பிட்ட கொழுப்பும் சேர்ந்தபின் பெரும்பாலும் தேவையே இராது. கரிப்பு மிகுந்தால் சாற்றில் கொஞ்சம் குறைத்துத் தண்ணீர் சேர்த்துக்கொள்ள வேண்டியதுதான்.

கொழுப்புக்கு 100 கிராம் போதும். சின்னச் சின்னதாய் நறுக்கிச் சிறுதீயில் வைத்தால் நெய் பிரியும். மொறுமொறுத்த துணுக்குகளை எடுத்துத் தனியே வைத்துக் கடைசியில் மேலே தூவலாம். பேக்கன் போடுகிறவர்களும் உண்டு. எனக்கு அது சரிப்படவில்லை. புகைமணம் வந்து மட்டியை மிதித்துவிடுகிறது. இதே நெய்யில் பெரிய வெங்காயம் ஒன்றைக் கண்ணாடிப் பதம் வரும்வரை வதக்க வேண்டும். பொன்னிறம் என்று நம் கை பழகிய இடத்துக்குப் போய்விடக் கூடாது, சாறு பழுப்பாகி இனித்துவிடும்.

உருளைக்கிழங்கில்தான் சமையல் நூல்களுக்குள் நிஜமான கருத்து வேறுபாடு. மாவுச்சத்து மிகுந்த ரஸ்ஸெட் வகை ஓரம் கரைந்து சாற்றை லேசாகக் கெட்டிப்படுத்தும். சிவப்புத் தோல் வகை உருக்குலையாமல் நிற்கும், ஆனால் சாற்றோடு ஒட்டாது. இடைப்பட்ட மஞ்சள் வகையே என் தேர்வு. 600 கிராம் எடுத்து, ஒன்றரை சென்டிமீட்டர் துண்டாக நறுக்கி, தண்ணீரில் ஒருமுறை அலசினால் ஒட்டியிருக்கும் மாவு போய்விடும். வதங்கிய வெங்காயத்தின் மேல் சாறும் கிழங்கும் சேர்த்து, தளதளவென்று கொதிக்கவிடாமல் மெல்லிய கொதியில் பன்னிரண்டு முதல் பதினைந்து நிமிடம் வேகவிட வேண்டும். வேகமான கொதி கொழுப்பை அடித்துக் கலக்கிவிடும், தெளிசாறு பாலாகிவிடும். அப்படியானால் பாலையே ஊற்றியிருக்கலாமே! மாவு கரைத்து ஊற்றுவதும் இதே வகைத் தவறு.

மட்டிச் சதையைப் பொடியாக நறுக்க வேண்டும். பழைய ரோட் ஐலண்ட் வீடுகளில் கையால் சுற்றும் இறைச்சி அரவையில் கொடுத்தார்கள். பெரிய மட்டிக்கு அதுவே பொருத்தம், கத்தி ஜெயிக்காத ரப்பரை அரவை ஜெயிக்கும். இதை அடுப்பை அணைத்தபின் சேர்ப்பது முக்கியம். ஏற்கெனவே வெந்த சதை. மறுபடி கொதித்தால் மெல்ல முடியாது. மிளகைத் தட்டிப் போட்டு, சட்டியை ஒரு மணி நேரம் அப்படியே விடுங்கள். உருளைக்கிழங்கு சாற்றைக் குடிப்பதும், தனித்தனியாக நின்ற சுவைகள் கூடுவதும் இந்த ஒரு மணி நேரத்தில்தான். ஜாஸ்பர் வைட் தம் ‘ஐம்பது சௌடர்கள்’ நூலில் இந்த ஓய்வை வற்புறுத்துகிறார். அந்த விஷயத்தில் அவரோடு வாதாட எனக்கு ஒன்றுமில்லை. பிறகு கொதிக்காமல் சூடுபண்ணிப் பரிமாறலாம். தொட்டுக்கொள்ள, நறுக்கிய மட்டி கலந்த மாவை எண்ணெயில் பொரித்தெடுக்கும் போண்டா ஒன்று உண்டு. ரோட் ஐலண்டில் அது இல்லாமல் சௌடரைப் பாதிச் சாப்பாடாகத்தான் கருதுவார்கள்.

தைம், பிரிஞ்சி இலை சேர்க்கலாமா என்றால், பழையவர்கள் முகம் சுளிப்பார்கள். ஒரு பிரிஞ்சி இலையால் கெடுதல் இல்லை. இரண்டாவது இலை அதிகம். பாட்டிலில் விற்கும் மட்டிச் சாறு? சாறு கொஞ்சம் குறைந்தால் இட்டு நிரப்பலாம், முழுச் சட்டியையும் அதில் செய்தால் உப்புத் தண்ணீரில் வெந்த உருளைக்கிழங்குதான் கிடைக்கும். ஜப்பானில் மார்ச் 3 பெண்குழந்தைகள் திருநாளன்று வைக்கும் மட்டிச் சாறும், கொரியர்களின் ஜோகேதாங்கும் இந்தச் சௌடரைவிடத் தெளிவானவை, இன்னும் துணிச்சலானவை. பன்றிக் கொழுப்பின் துணைகூட அவற்றுக்கு வேண்டியதில்லை.

மட்டி விஷயத்தில் சுத்தம் என்பது சமையலறையில் தொடங்குவதில்லை. அது நீரை வடிகட்டி உண்ணும் உயிர். நீரில் இருப்பதெல்லாம் அதற்குள் இருக்கும். சில பாசிகள் பெருகும் காலத்தில் சதையில் சேரும் நஞ்சு கொதிக்கவைத்தாலும் போகாது. கழிவுநீரோடு வரும் கிருமிகள் இன்னொரு கவலை. அதனால்தான் ரோட் ஐலண்டில் பெருமழை பெய்தால் விரிகுடாவின் மேற்பகுதியை மட்டி எடுக்க மூடிவிடுகிறார்கள். பிராவிடன்ஸ் நகரின் மழைநீரோடு கலந்து வழியும் கழிவுநீரைத் தேக்கிவைக்கப் பாறைக்கடியில் வெட்டிய சுரங்கத்தின் முதல்கட்டம் 2008இல் முடிந்தது. 2021இல் பிராவிடன்ஸ் ஆற்றின் கீழ்ப்பகுதி முக்கால் நூற்றாண்டுக்குப் பின் மட்டி எடுக்கத் திறந்துவிடப்பட்டது. ஒரு கிண்ணம் சௌடருக்குப் பின்னால் இத்தனை சாக்கடை நிர்வாகம் இருக்கிறது. வீட்டில் நாம் செய்ய வேண்டியது கொஞ்சம்தான். ஓடு திறந்திருப்பதைத் தட்டிப் பார்த்து, மூடாவிட்டால் எறிய வேண்டும். ஓடு உடைந்ததையும், வேகவைத்தும் திறக்காததையும் அப்படியே செய்ய வேண்டும். வாங்கிவந்ததை ஈரத்துணி போர்த்திக் குளிர்பெட்டியில் வைக்கலாம். பிளாஸ்டிக் பையில் கட்டினாலோ நல்ல தண்ணீரில் போட்டாலோ செத்துவிடும்.

தமிழ்நாட்டில் இதைச் செய்ய முடியுமா? பரங்கிப்பேட்டை வெள்ளாற்றுக் கழிமுகத்தில் கிடைக்கும் மெரிட்ரிக்ஸ் மட்டி, கோஹாக்கின் அதே வெனரிடே குடும்பம். ஆகவே கேள்வி அந்நியமானதல்ல. உருவில் சிறியது; சதையை அரைக்கத் தேவையில்லை, முழுசாகவே போடலாம், இரண்டு மூன்று நிமிடத்தில் வாய் திறந்துவிடும். கழிமுகச் சேற்றில் இருப்பதால் லிட்டருக்கு 30 கிராம் உப்பு கரைத்த நீரில் ஓரிரு மணி நேரம் வைத்து மணலைத் துப்பவைக்க வேண்டும். மழைக்காலத்தில் கழிமுக நீரின் உப்பு இறங்கிவிடும், மட்டிச் சாற்றின் உப்பும் இறங்கும். அப்போது மட்டும் உப்பு டப்பாவைத் திறக்கலாம். பன்றிக் கொழுப்பு ஆகாதவர்கள் வெண்ணெயில் வதக்கிக்கொள்ளட்டும். நல்லெண்ணெயும் தேங்காயெண்ணெயும் வேண்டாம், இரண்டும் தம் பெயரைச் சொல்லிக்கொண்டே இருக்கும். எந்த இடத்து மட்டி, எப்போது எடுத்தது என்று விற்பவரிடம் கேட்டு, நகரச் சாக்கடை கலக்கும் முகத்துவாரம் என்றால் வாங்காமல் திரும்பிவிடுங்கள்.

ஓடு நீக்கி உறையவைத்த மட்டிச் சதை மட்டுமே கிடைக்கிறது என்றால் இந்தச் சௌடரைச் செய்ய வேண்டாம். அதில் சாறு இல்லை. அந்த நாளில் பாலும் வெண்ணெயும் வாங்கி வெள்ளைச் சௌடர் செய்துகொள்ளுங்கள். அதற்கு அந்தச் சதை போதும்.